உருமாறுகிறவனை அடிக்காத பொறு அண்ணா

தோற்பதற்கு ஆயிரம் வழிகள் உண்டு. ஜெயித்துக்கொண்டே இருக்கும்போது ஓரமாக நின்று எதிரிக்கு வழிவிட்டுத் தோற்றவர், எனக்குத் தெரிந்து பொறு அண்ணா ஒருவர்தான்.

புனே விமான் நகர் அலுவலகத்தில் என் டீம். கட்கியில் பிறந்து வளர்ந்த தமிழர். எதற்கு அவசரப்படுத்தினாலும் "பொறு மா" என்பார். மராத்திக்காரர்கள் அதையே அவர் பெயராக்கிவிட்டார்கள்.

ஓய்வறை டிவியில் ஒரு வீடியோ கேம் இருந்தது. ஜப்பானிய அனிமே தொடரின் ஆட்கள் மோதிக்கொள்ளும் சண்டை. ஒவ்வொரு அடிக்கும் ஒரு பெயர். பெயரைக் கத்திவிட்டுத்தான் பொறு அண்ணா பட்டனை அழுத்துவார். ஒருமுறை பக்கத்து அறையில் போன் மீட்டிங். அங்கே யாருக்காவது அடிபட்டுவிட்டதா என்று அமெரிக்காவிலிருந்து விசாரித்தார்கள்.

"இதுல அப்படி என்னங்ணா இருக்கு?" என்றேன்.

"மத்த கேம்ல சும்மா அடிச்சுக்குவானுங்க. இவனுங்க நூறு எபிசோட் அழுதுட்டு வந்து அடிக்கறானுங்க மா. ஃபரக் இருக்குல்ல, வித்தியாசம்?"

அந்த ஜனவரியில் சர்வரில் புது சாஃப்ட்வேரை ஏற்றும் வேலை பொங்கலன்று வந்து விழுந்தது. எங்கள் டீமா, டெஸ்டிங் டீமா, யார் உட்காருவது? கேமில் தோற்கிற டீம் என்று முடிவானது. நான் கோயம்புத்தூருக்கு டிக்கெட் எடுத்திருந்தேன். அக்கா குழந்தையை இன்னும் பார்த்ததில்லை.

எங்களுக்காக ஆடியவர் பொறு அண்ணா. டெஸ்டிங் டீம் ஜோஷியின் ஆளுக்கு உயிர்க்கோடு நூலளவுதான் மிச்சம். ஒரு குத்துப் போதும். ஜோஷி பதற்றத்தில் எதையோ அழுத்த, அவன் ஆள் உருமாற ஆரம்பித்தான். முடி நட்டுக்கொண்டது, வானம் இருண்டது. பொறு அண்ணா கன்ட்ரோலரை மடியில் வைத்துவிட்டார்.

"அண்ணா, அடிங்க."

"பொறு மா. மாறிட்டிருக்கான்."

"அதனாலதானுங்ணா அடிக்கச் சொல்றேன்."

"மாறும்போது எவனும் அடிக்க மாட்டான். இத்தன வருஷமா பாக்கறேன், ஒரு வில்லன்கூட அடிச்சதில்ல."

உருமாறி முடித்தவன் மூன்றே அடியில் எங்களைப் படுக்க வைத்தான். "க்யா பாத் ஹை," என்று பாராட்டி ஜோஷியின் தோளைத் தட்டினார் பொறு அண்ணா. அவரை என்ன செய்யலாம் என்று மனதுக்குள் வரிசை எண் போட்டுக்கொண்டிருந்தேன்.

டிக்கெட்டை ரத்து செய்ய உட்கார்ந்தபோது பின்னால் வந்து நின்றார்.

"அத விடு. உன் வேலையும் நானே பாத்துக்கறேன். ஊருக்குப் போ."

பொங்கலன்று மனசு கேட்காமல் போன் செய்தேன். "அண்ணா, சர்வர் வேலை முடிஞ்சுதுங்களா?"

"பொறு மா. மாறிட்டிருக்கு."

அக்கா குழந்தை என் தோளில் தூங்கிக்கொண்டிருந்தது. அன்று மட்டும் நான் அவரை அவசரப்படுத்தவில்லை.