பாதருக்குப் பரிமாறப்பட்ட கதாநாயகன்

தன் படத்தின் கதாநாயகனைக் குழம்பில் சந்தித்த இயக்குநர் உலகத்திலேயே நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன். சந்தித்ததோடு விடவில்லை, இரண்டு துண்டு போட்டும் சாப்பிட்டேன். (அப்போது ஆளை அடையாளம் தெரியவில்லை.)

கொழும்பில் அசைவூட்டப் படக்கலை படித்துவிட்டுப் எங்கள் மீன்பிடி ஊரான பேசாலைக்கு வந்த எனக்குத் தலைக்கனம் தாங்க முடியவில்லை. எல்லாரும் பொம்மைகளை வைத்து எடுக்கிறார்கள், நான் கருவாட்டை வைத்துப் பரிசோதனைப் படம் எடுப்பேன் என்று அறிவித்தேன். ஒரு கட்டாக் கருவாடு மெல்ல மெல்லக் கடலுக்குத் திரும்பிப் போகிறது, அவ்வளவுதான் கதை. கருவாட்டை ஒரு விரற்கடை நகர்த்துவேன், ஒரு படம் பிடிப்பேன், மறுபடி நகர்த்துவேன். இதைப் பார்த்துப் பார்த்துப் பொறுமையிழந்த அப்பா, படம் ஊருக்குப் பிடிக்காவிட்டால் நான் மன்னாரில் ஏதாவது கந்தோரில் எழுத்தர் வேலைக்குப் போய்விட வேண்டும் என்று முடிவாகச் சொல்லிவிட்டார்.

பாதிப் படம் முடிந்த நேரம், தவக்காலத்து வெள்ளிக்கிழமை. இறைச்சி ஆகாது. காற்றுக்கு வள்ளங்களும் கடலுக்குப் போகாததால் மீனும் இல்லை. அன்றைக்கென்று பங்குப் பாதர் வீடு சந்திக்க வர, அம்மாவின் கண் மேசையில் படுத்திருந்த என் கட்டாவில் விழுந்துவிட்டது.

வேறு கட்டா தேடி அலைய உடம்பு வளையவில்லை, பஞ்சி. பிறகு வீட்டுக்கு வந்த வாளைக் கருவாட்டை வைத்து மீதியை எடுத்து முடித்தேன். யார் கவனிக்கப்போகிறார்கள் என்ற துணிவு. (பேசாலையில்! மீனை!)

பங்கு மண்டபத்தில் படம் ஓடியது. வாளை வந்ததும் சனம் கசமுசாவென்றது. பின்னாலிருந்து ஒருவர் எழுந்தார்.

"தங்கச்சி, அந்தக் கட்டாவுக்கு என்ன நடந்தது?"

அது ஒரு குறியீடு என்று நான் தொடங்குவதற்குள், பெண்கள் பக்கமிருந்து அம்மா உண்மையைச் சொல்லிவிட்டார்.

"அதை அண்டைக்குப் பாதருக்குக் காய்ச்சிப்போட்டன்."

எல்லாத் தலையும் முன்வரிசைக்குத் திரும்பியது. நான் செத்தேன் என்றே நினைத்தேன். பாதர் ஆற அமர எழும்பினார்.

"அப்ப நானும் இந்தப் படத்திலை நடிச்சிருக்கிறன்."

மண்டபம் அதிர்ந்தது. சனம் எழும்ப மறுத்து, படத்தை மறுபடி போடச் சொன்னது. இந்த முறை கட்டா வந்தபோது கைதட்டல், வாளைக்கு விசில். எனக்குக் கால் நிலத்தில் பாவவில்லை.

வெளியே வந்ததும் அப்பா என் முகத்தைப் பாராமலே சொன்னார்: "கந்தோரை விடு. அடுத்த படத்துக்கு ரெண்டு கட்டா வாங்கித் தாறன்."

அதற்குப் பிறகு எத்தனையோ படங்கள், வெளிநாட்டுப் பரிசுகள். ஆனாலும் எங்கள் பங்குக்கு மாற்றலாகி வரும் ஒவ்வொரு பாதரும் எங்கள் வீட்டுக் கருவாட்டுக் குழம்பில் கைவைக்குமுன் அம்மாவிடம் கேட்கிறார்:

"இவர் நடிச்சு முடிச்சிட்டாரோ?"