கூப்பிட்டால் வருமா?

பதினாலு வயதுப் பையனோடு ஒரே வீட்டில் இருப்பதற்கும் தன்னந்தனியாக இருப்பதற்கும் பெரிய வித்தியாசம் இல்லை. தனியாக இருந்தால் சோறு மிஞ்சும், அவ்வளவுதான். இதை நான் எந்தப் புத்தகத்திலும் படிக்கவில்லை. அறுபதுகளின் தொடக்கத்தில், ஜவ்வாது மலைமேல், காட்டிலாகா குமாஸ்தாவுக்கென்று ஒதுக்கிய ஓட்டு வீட்டில் சொந்தமாக அனுபவித்துத் தெரிந்துகொண்டேன். பெற்ற பிள்ளையைத் தொலைந்துபோன மாட்டைப் போலத் தண்டோரா போட்டுத் தேடிய ஒரே தகப்பன் என்ற பெயரும் அங்கேதான் எனக்குக் கிடைத்தது.

என் உத்தியோகத்தை முதலில் சொல்லிவிடுகிறேன். இல்லையென்றால் இவன் என்ன பைத்தியமா என்று நினைப்பீர்கள். (பைத்தியம் இல்லை, குமாஸ்தா. அந்தக் காலத்தில் இரண்டுக்கும் நடுவே கொஞ்சம் இடைவெளி இருந்தது.) காட்டுக்குள் மேயப் போய்த் திரும்பாத மாடுகளுக்கு ஒரு பதிவேடு உண்டு, அது என் மேஜையில் இருந்தது. யாராவது வந்து, “எருதக் காணோம்ங்க” என்று நின்றால் தாளை எடுத்து வைத்துக்கொண்டு கேட்பேன். வயது? நிறம்? கொம்பு? சுழி, மச்சம்? முட்டுமா? கடைசியாக, கூப்பிட்டால் வருமா? இந்தக் கடைசிக் கேள்வி பழைய படிவத்தில் கிடையாது. நானே யோசித்துச் சேர்த்தது. அதில் எனக்குக் கொஞ்சம் கர்வம்கூட உண்டு.

நான் எழுதியதைப் படித்துக் காட்டுவேன். தண்டோரா போடும் பொன்னன் ஒரு தடவை கேட்பார். அவருக்கு எழுத்து தெரியாது, ஆனால் கேட்டதில் ஒரு சொல் தவறாது. மேளத்தை இடுப்பில் கட்டிக்கொண்டு ஆறு ஊருக்கும் போய்ச் சொல்லிவிட்டு வருவார். மாடும் பெரும்பாலும் கிடைத்துவிடும்.

என் மனைவி காமாட்சி மஞ்சள் காமாலையில் இறந்து அப்போது இரண்டு வருஷம் ஆகியிருந்தது. ஒரே மகன் ஏகாம்பரம் கீழே போளூரில் ஹாஸ்டலில் தங்கிப் படித்துக்கொண்டிருந்தான். அலுவலகம் ஐந்து மணிக்கு முடிந்தால், மறுநாள் காலை பத்து மணி வரை நான் பேசுவதற்கு ஆள் கிடையாது. அடுப்போடு பேசிப் பார்த்தேன், அது புகைந்தது. அதனால் அவன் விடுமுறைக்கு வரும்போது சொல்ல வேண்டியதையெல்லாம் ஆபீஸ் காகிதத்தின் பின்பக்கம் வரிசையாக எழுதி வைப்பேன். கரடி வந்தது, ஓடு ஒழுகியது, பக்கத்து வீட்டு ஃபாரஸ்ட் கார்டு வழுக்கி விழுந்தது என்று மூன்று மாதத்துக்கான பேச்சு அதில் இருக்கும்.

அந்தக் காலாண்டு விடுமுறைக்கு அவன் மரம் ஏற்றப் போகும் லாரியில் தொற்றிக்கொண்டு வந்து இறங்கினான். ஒரு சாண் வளர்ந்திருந்தான். “லாரி லேட்டுப்பா” என்றான். அந்த இரண்டு சொல்லில் முதலாவது ஆம்பிளைக் குரலில் ஆரம்பித்தது, இரண்டாவது கோழிக் குஞ்சாக முடிந்தது. நான் சிரித்தேன். சும்மா சிரிக்கவில்லை. லாரி டிரைவரைக் கூப்பிட்டு, “இன்னொரு தடவ சொல்லச் சொல்லுய்யா” என்று வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தேன். மூன்று மாதம் சிரிக்காதவன் சிரித்த சிரிப்பு அது. அதற்காக அவன் என்னை மன்னித்திருக்க வேண்டும் என்று சொல்லவில்லை.

அதற்குப் பிறகு அவன் பேசவில்லை. எதற்கும் “ம்” என்பான். சாப்பிடுகிறாயா? ம். மார்க் எவ்வளவு? ம். கரடி வந்தது தெரியுமா? ம். என் பட்டியல் நான்கே நாளில் தீர்ந்துபோனது. காலையில் கஞ்சியைக் குடித்துவிட்டுக் கிளம்பினால் மத்தியானம்தான் வருவான். எங்கே போனாய் என்றால் தோளைக் குலுக்குவான். அவன் இல்லாதபோது இருந்த தனிமை எனக்குப் பழகிய தனிமை. அவன் எதிரே உட்கார்ந்து கஞ்சி குடிக்கும்போது வந்த தனிமை புதிது. அதை எங்கே வைப்பது என்று எனக்குத் தெரியவில்லை. அவனுக்கு என்மேல் பாசம் விட்டுப்போயிற்று என்று நானே தீர்ப்பு எழுதிக் கையெழுத்தும் போட்டுவிட்டேன்.

பத்தாம் நாள் என் சவரக் கத்தியை எடுத்து, வந்தும் வராமலும் இருந்த மீசையை அவன் வழித்துவிட்டான். மேலுதட்டில் வெட்டு, அதன்மேல் ஒட்டிய காகிதத் துண்டு. அந்தக் கோலத்தில் ஆபீஸ் வாசல் வழியாகப் போனவனை நான் நிறுத்தினேன். உள்ளே கார்டுகள் நாலு பேர் இருந்தார்கள்.

“இன்னாடா, வெதைக்கறதுக்கு முன்னாடியே அறுவடையா?”

நாலு பேரும் மேஜையைத் தட்டிச் சிரித்தார்கள். அவன் என்னைப் பார்த்தான். அந்தப் பார்வையில் கோபம் இருந்திருந்தால் திட்டியாவது தீர்த்திருப்பேன். கோபம் இல்லை. காகிதத் துண்டைப் பிய்த்து எறிந்துவிட்டுப் போய்விட்டான்.

மறுநாள் நான் எழுந்தபோது படுக்கையில் அவன் இல்லை. கஞ்சி அப்படியே இருந்தது. மத்தியானம் சோறும் அப்படியே இருந்தது. அவன் டிரங்குப் பெட்டியைத் திறந்து பார்த்தேன். சட்டைகள் இருந்தன, அம்மாவின் போட்டோ இல்லை. சந்தவாசல் பக்கம் இறங்கும் காட்டுப் பாதை, அதில் கரடி, செங்குத்தான பாறை என்று ஒவ்வொன்றாகக் கண்முன் வந்தது. இனி என்னிடம் வரவே மாட்டானோ என்பதுதான் எல்லாவற்றையும்விடப் பெரிய பயமாக இருந்தது. பயந்துபோன மனிதனின் கை தனக்குத் தெரிந்த வேலையைத்தான் செய்யும். என் கைக்குத் தெரிந்தது ஒரே ஒரு வேலை.

பொன்னனைக் கூப்பிட்டு உட்காரவைத்து, மாட்டுப் படிவத்தை எடுத்தேன். வயது பதினான்கு. நிறம் மாநிறம். கொம்பு என்ற கட்டத்தில் ஒரு கோடு போட்டேன். (அந்த அளவுக்கு நிதானம் இருந்தது.) மச்சம், வலது காதுக்குப் பின்னால்.

“வேற இன்னா அடையாளம்ங்க ரைட்டரய்யா?” என்றார் பொன்னன்.

வேறு என்ன? எனக்குத் தெரிந்ததையெல்லாம் சொன்னேன். கறிவேப்பிலையை ஒதுக்குவான், இடி இடித்தால் பயப்படுவான், தூக்கத்தில் பல்லைக் கடிப்பான். சொல்லிக்கொண்டே வந்தபோதுதான் உறைத்தது. எல்லாம் காமாட்சி எனக்குச் சொன்னவை, எல்லாம் அவனுக்கு எட்டு வயது இருந்தபோது. புதிதாக நானே பார்த்தவை மீசை, வெட்டு, பரு, குரல் மட்டும்தான். அவற்றையும் சேர்த்துக்கொண்டேன். கடைசிக் கட்டத்தில் ஒரு நிமிஷம் பேனா நின்றது. பிறகு, “வராது” என்று எழுதினேன்.

அன்றைக்குச் சந்தை நாள் வேறு. சுற்றுப்பட்டு ஜனம் முழுக்கப் புளியும் தேனும் எடுத்துக்கொண்டு ஆபீசுக்கு எதிரே கூடியிருந்தது. பொன்னன் முதல் அடியை அங்கேயே அடித்தார்.

“இதனால சகலமானவங்களுக்கும் தெரிவிக்கறது இன்னான்னா! ரைட்டரய்யா வூட்டுப் புள்ளையக் காணோம்! வயசு பதினாலு! நெறம் மாநெறம்! கொம்பு கெடையாது! மீசை இருந்துச்சு, நேத்து வழிச்சிட்டான்! மூக்கு மேல மூணு பரு! கொரலு ரெண்டு மாதிரி வரும்! இடி இடிச்சா பயந்துக்குவான்! முட்ட மாட்டான், மொறைப்பான்! கூப்ட்டா வர மாட்டான்! புடிச்சவங்க கவுறு போட்டுக் கட்டி ஆபீசாண்ட ஓட்டியாரணும்!”

கடைசி வாக்கியம் நான் சொன்னதில்லை. மாட்டு அறிவிப்பு எல்லாமே அப்படித்தான் முடியும், பொன்னன் வழக்கத்தை விடவில்லை. நான் வாயைத் திறப்பதற்குள் அவர் அடுத்த ஊருக்குக் கிளம்பிவிட்டார்.

மலை ஜனங்கள் உதவி என்றால் உண்மையாகவே செய்வார்கள். இரண்டு மணி நேரத்தில் மூன்று பையன்களை இழுத்துவந்து என் முன்னால் நிறுத்தினார்கள். மூன்று பேருக்கும் மூக்கில் பரு இருந்தது. ஒருவனுடைய இடுப்பில் உண்மையாகவே கயிறு இருந்தது. அவன் ஒடுகத்தூரிலிருந்து சந்தைக்குச் சீப்பு, கண்ணாடி விற்க வந்தவன். அவனுக்குத் தண்ணீர் கொடுத்து மன்னிப்புக் கேட்டேன். “கூப்ட்டாங்க, ஒடனே வந்தேன். அப்பவே நான் இல்லன்னு தெரிஞ்சிருக்க வேணாமா சார்?” என்று அவன் கேட்டது நியாயம்தான்.

நாலு மணி இருக்கும், தண்டோராச் சத்தம் திரும்பி வந்தது. எட்டிப் பார்த்தேன். சந்தை நடுவே ஏகாம்பரம் தலையைக் குனிந்துகொண்டு நடந்து வருகிறான். அவனுக்கு இரண்டடி பின்னால் பொன்னன். மேளத்தை அடித்து, “ரைட்டரய்யா வூட்டுப் புள்ளையக் காணோம்! மூக்கு மேல மூணு பரு!” என்று கணீரென்று அறிவித்துக்கொண்டே வருகிறார்.

“யோவ் பொன்னா! அதான் கெடைச்சிட்டானே, நிறுத்துய்யா!” என்று கத்தினேன்.

“நீங்க ஆறு ஊருன்னு சொன்னீங்க. இன்னும் ஒரு ஊரு பாக்கி கீதுங்களே” என்றார் பொன்னன்.

கூடவே முத்தம்மா என்ற மலைக்கார அம்மாள் கையில் கவணோடு வந்தாள். என்னை மேலும் கீழும் பார்த்தாள். “பத்து நாளா என் சாமைக் கொல்லையில, பரண் மேல குந்திகினு கிளி ஓட்டுது இந்தப் புள்ள. இன்னா தொண்டைங்க அது! ஒரு சத்தம் போட்டா கொல்லையே காலியாயிடுது. இத்தக் காணோம்னு அடிக்கிறீங்களே, நீங்க எங்க தேடுனீங்க?”

வீட்டில் “ம்” என்பதைத் தவிர ஒரு எழுத்து பேசாதவன், பரண்மேல் ஏறிப் பத்து நாளாகக் கத்திக்கொண்டிருந்தான்! பொன்னனுக்குச் சத்தம் நன்றாக எதிரொலிக்கும் இடம் என்று அந்தக் கொல்லை வரப்புதான் பிடிக்குமாம். பரணுக்கு நேர் கீழே நின்று மூன்று தடவை அறிவித்திருக்கிறார். மீசையிலிருந்து இடி வரை எல்லாவற்றையும் இவன் மேலே உட்கார்ந்து கேட்டிருக்கிறான்.

வீட்டுக்குள் வந்து கதவைச் சாத்தினேன். கத்துவான், அழுவான், பெட்டியைத் தூக்கிக்கொண்டு கிளம்புவான் என்று எதிர்பார்த்தேன். அவன் சட்டைப் பையிலிருந்து அம்மாவின் போட்டோவை எடுத்துப் பெட்டியில் வைத்தான். பிறகு என்னைப் பார்க்காமலே பேசினான். குரல் மேலும் கீழுமாக உடைந்து உடைந்து வந்தது.

“மத்ததெல்லாம் சரிப்பா. கூப்ட்டா வர மாட்டான்னு ஏன் சொன்னீங்க? நீங்க எப்பக் கூப்ட்டீங்க?”

யோசித்துப் பார்த்தேன். காமாட்சிதான் வாசலில் நின்று, “ஏகா!” என்று இழுத்துக் கூப்பிடுவாள். எத்தனை தூரத்தில் இருந்தாலும் ஓடி வருவான். அவள் போன பிறகு நான் அவனைக் கேள்வி கேட்டிருக்கிறேன், அதட்டியிருக்கிறேன், கேலி செய்திருக்கிறேன். பெயர் சொல்லிக் கூப்பிட்டதாக ஒரு நாள்கூட நினைவுக்கு வரவில்லை. அந்தத் தண்டோரா நாளில்கூட, வாசலில் நின்று ஒரு குரல் கொடுக்க எனக்குத் தோன்றவில்லை. ஆபீசில் உட்கார்ந்து படிவம் எழுதியிருக்கிறேன்.

“பேசுனா நீங்க சிரிக்கிறீங்க. ஹாஸ்டல்லயும் சிரிக்கிறாங்க. கிளி சிரிக்காது” என்றான்.

“எனக்குப் பேச ஆள் இல்லடா” என்றேன். மன்னித்துவிடு என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். வெளியே வந்தது அதுதான். சொல்லும்போது என் குரலும் பாதியில் உடைந்தது. அவன் தலையை நிமிர்த்திப் பார்த்தான், ஆனால் சிரிக்கவில்லை.

மறுநாள் லீவு எழுதிக் கொடுத்துவிட்டு அவனோடு பரணுக்குப் போனேன். என் கனத்துக்குப் பரண் முனகியது. முத்தம்மா கீழே நின்று, “மெதுவாங்க, அது கிளிக்குப் போட்ட பரணு” என்றாள். ஏகாம்பரம் எழுந்து நின்று கத்தினான். கொல்லை முழுக்க உட்கார்ந்திருந்த கிளிகள் ஒன்றாகக் கிளம்பின. நான் கத்தினேன். ஒரு கிளி மட்டும் தலையைத் திருப்பிப் பார்த்துவிட்டு மறுபடி கதிரைக் கொத்தியது. “வயித்துல இருந்து கத்துங்கப்பா” என்றான் அவன். வயிற்றிலிருந்து கத்தினேன். இரண்டு வருஷமாகக் கத்தாமல் வைத்திருந்ததெல்லாம் சேர்ந்து வந்தது. கிளிகள் போன பிறகும் நான் நிறுத்தவில்லை என்று அவன் பிற்பாடு சொன்னான்.

இதெல்லாம் நடந்து வெகு காலம் ஆயிற்று. நான் ரிடையர் ஆகி, மலையை விட்டு இறங்கி, சந்தவாசலில் தனியாக இருக்கிறேன். ஏகாம்பரம் பம்பாயில் வேலை பார்க்கிறான். வருஷத்துக்கு ஒரு தடவை குடும்பத்தோடு வருவான். வந்ததும் உள்ளே நுழைய மாட்டார்கள். பேரப்பிள்ளைகள் கேட்டைத் தட்டி மேளம் அடித்து, “வயசு நாப்பத்தஞ்சு! கொம்பு கெடையாது! மீசை நரைச்சிப் போச்சு! கூப்ட்டா வர மாட்டான்!” என்று தெருவே கேட்கும்படி அறிவிப்பார்கள். அவனும் கழுத்தில் துண்டைக் கயிறு மாதிரி மாட்டிக்கொண்டு நிற்பான். நான் வாசலுக்கு வந்து, “ஏகா!” என்று கூப்பிட்ட பிறகுதான் காலை எடுத்து உள்ளே வைப்பான். மருமகள் ஒவ்வொரு தடவையும் முதல் தடவை போலச் சிரிப்பாள்.

அவர்கள் வருவதற்கு இன்னும் ஐந்து மாதம் இருக்கிறது. போன வாரம் ஒரு சாயங்காலம், குரல் நன்றாக இருக்கிறதா பார்ப்போம் என்று வாசலில் நின்று ஒரு தடவை கூப்பிட்டுப் பார்த்தேன். தெருவில் பால் ஊற்றிக்கொண்டிருந்த பெண் திரும்பிப் பார்த்தாள்.

“இன்னா தாத்தா, மாடு காணாமப் போச்சா?”

“ஆமாம்மா.”

“தேடச் சொல்லட்டுமா?”

“வேணாம்” என்றேன். “கூப்ட்டா வந்துடும்.”