பெலிசியேயின் இரண்டாவது வசனம்

பிரெஞ்சுத் திரைக்கலை தழைத்தோங்கியது கதாநாயகர்களால் என்று நம்புவோர் பேதையர். நாயகன் காதலைச் சொல்லும்போது அருகே நின்று மது ஊற்றுபவன் ஒருவன் இல்லையேல் காதல் ஏது, கலைதான் ஏது?

அவ்வாறு நாற்பது ஆண்டுகள் ஊற்றியவர் அனத்தோல் பெலிசியே. படந்தோறும் பரிசாரகர் வேடம், படந்தோறும் ஒரே வசனம்: “வேற ஏதாவது வேணுமா, முசியே?” படமுடிவில் ஓடும் பெயர்வரிசையில் அவர் பெயரைத் தேடியோர், அடிமுடி தேடிய இருவரைப்போல் வெறுங்கையுடன் மீண்டனர். பாரிஸ் தெருக்களில் அவரைக் கண்டவர்களோ, எங்கோ பார்த்த முகம் என்று பரவசமுற்று, தங்கள் பல் வைத்தியர்தான் என முடிவுகட்டிக் வாயைத் திறந்து கடைவாய்ப் பல்லைக் காட்டினர்.

இத்தகைய பெருமகனுக்குப் பதக்கம் சூட்டத் திரைக்கலை மேன்மைக் கழகம் ‘ஏகமனதாக’த் தீர்மானித்தது. கிளிஷி சதுக்கத்து உணவகமொன்றில் பகல் விருந்து. பெலிசியே விரும்பியது அதிகமில்லை. ஒருமுறையேனும் மேசைமுன் அமர்ந்து உண்ண வேண்டும். எவரேனும் தம்மைப் பெயர் சொல்லி அழைக்க வேண்டும்.

விருந்தினர் கறுப்பு உடையில் வருக என்றது அழைப்பிதழ். அவரிடம் இருந்த ஒரே கறுப்பு உடை, முதற்படத்தில் கொடுத்த பரிசாரகச் சீருடை.

“வேலையாளுங்கல்லாம் பின்பக்கம், பெரியவரே,” என்றான் வாயிற்காவலன்.

“நான் பெலிசியேப்பா.”

“இருக்கட்டுமே. பெலிசியேவும் பின்பக்கந்தான்.”

உள்ளே நுழைந்ததும் யாரோ காலிக் கோப்பையை நீட்டினார். மனம் மறுத்தது, நாற்பதாண்டு பயின்ற கை வாங்கிக்கொண்டது. மறுகணம் அக்கையில் தட்டும் ஏறியது. பெயரட்டை வைத்த அவரது நாற்காலியில் ஒருவர் தம் தொப்பியை அமர்த்தினார்.

கழகத் தலைவி மதாம் வோக்லேர் எழுந்தார். ஆளற்ற நாற்காலியைச் சுட்டிக்காட்டி உருகினார். “பாத்தீங்களா? தனக்கே மரியாதை நடக்குது, அப்பவும் வேஷத்தக் கலைக்காம எங்கயோ பரிமாறிக்கிட்டிருக்காரு.”

அவை மெய்சிலிர்த்துத் தேடியது. அவ்வேளை உண்ணும் சிப்பிகள் அடுக்கிய தட்டுடன் சமையலறையிலிருந்து வெளிப்பட்டார் ஃபிர்மேன். அவர் அந்த உணவகத்தின் மெய்யான பரிசாரகர். கூட்டம் அவரைக் ‘கண்டுகொண்டு’ எழுந்து நின்று கைதட்டிற்று.

“நான் இல்லீங்க. நான் இங்க வேலை பாக்கறவன்,” என்றார் ஃபிர்மேன். அந்தத் தன்னடக்கத்துக்காகக் கைதட்டல் இரட்டித்தது. மேடையேற்றி, மார்பில் பதக்கத்தைக் குத்தினார்கள்.

பதறிய பெலிசியே, தம்மை வைத்து ஒன்பது படங்கள் எடுத்த இயக்குநர் கொர்பியேரிடம் விரைந்தார். உண்மையை உரைக்க வாய் திறந்தார். பழகிய வாய்.

“வேற ஏதாவது வேணுமா, முசியே?”

“சும்மா நில்லுப்பா,” என்றார் கொர்பியேர், மேடையிலிருந்து கண்ணை எடுக்காமல். “அவரு தட்டு பிடிக்கிற அழகப் பாரு. நீயுந்தான் தெனம் பிடிக்கிற. அந்த நெஜம் வருதா உனக்கு?”

“வரலீங்க, முசியே.”

நாற்பதாண்டுக் கலைவாழ்வில் பெலிசியே பேசிய இரண்டாவது வசனம் அது. வெகு இயல்பாக அமைந்தது. முகங்களைத் தேர்ந்தெடுப்பதில் ஐரோப்பாவிலேயே இணையற்றவர் என்று போற்றப்படும் கொர்பியேர், தம் காலிக் கோப்பையைத் திரும்பிப் பாராமலே அந்தத் தட்டில் வைத்தார்.