கொதியாற்றுக் காப்பு மந்திரத்தைத் திருத்தக் கோரி

ராஜபாளையம்,
ஞாயிறு காலை.

மதிப்பிற்குரிய சித்தப்பாவுக்கு, பாண்டிச்செல்வம் வணக்கத்துடன் எழுதுவது. இங்கு நானும் அம்மாவும் நலம். அப்பா இன்று காலை வரை நலம். அங்கே நீங்களும் சித்தியும் நலமாக இருக்க வேண்டும் என்று எழுதச் சொல்லி அம்மா பக்கத்திலேயே நிற்கிறார், எழுதிவிட்டேன்.

விஷயத்துக்கு வருகிறேன். மாதப் பத்திரிகையில் நீங்கள் எழுதும் 'கொதியாற்று நாடு' தொடரை உடனே திருத்த வேண்டும். ஒன்பதாம் அத்தியாயத்தில் பூசாரிகள் கொதிக்கிற ஆற்றில் இறங்கிச் சடங்கு செய்வதற்கு முன் ஒரு காப்பு மந்திரம் சொல்கிறார்களே, அது உங்களுக்குக் கதை. உங்கள் அண்ணன், அதாவது என் அப்பா, அதை வெட்டி எடுத்துத் திருவில்லிபுத்தூர் ஜெராக்ஸ் கடையில் லேமினேஷன் போட்டுச் சட்டைப்பையில் வைத்திருக்கிறார். மின்கம்பத்தில் ஏறுமுன் அதைப் படித்துவிட்டுத்தான் ஏறுகிறார். படித்தால் படிக்கட்டும், எனக்கு ஒன்றுமில்லை. ஆனால் அதில் இரண்டாவது வரி என்ன? 'தலையிலும் கையிலும் ஒன்றும் தரியேன், வந்தபடியே இறங்குகிறேன்.' அவ்வளவுதான், ஹெல்மெட் வீட்டில், கையுறை வீட்டில். ஹெல்மெட்டில் இப்போது அம்மா வத்தல் போட்டு வைத்திருக்கிறார்.

சித்திரையில் செண்பகத்தோப்பு ரோட்டில் தவசிமுத்து மாமா கம்பத்திலேயே இறந்துபோனது உங்களுக்குத் தெரியும். அப்பாவும் அவரும் ஒரே காண்ட்ராக்டரிடம் இருபது வருஷம் லைன்மேன் வேலை பார்த்தவர்கள். அன்றைக்குச் சுவிட்சை அணைத்துவிட்டுத்தான் மாமா மேலே ஏறினார். சுவிட்ச் இருப்பது நாலு கம்பம் தள்ளி. அங்கே காவலுக்கு நின்றவன் டீ குடிக்கப் போய்விட்டான். தோப்புக்காரர் ஒருவர் வந்து பார்த்து, யாரோ மறந்து அணைத்துவிட்டார்கள் என்று கைப்பிடியைத் தூக்கிக் கரண்டைப் போட்டுவிட்டார். அதற்குப் பிறகு அப்பா மூன்று வாரம் கம்பத்துப் பக்கமே போகவில்லை. வேலையை விட்டுவிடுவார், மில்லில் நான் வாங்கும் சம்பளத்தில் சமாளிப்போம் என்று மனதுக்குள் ஒரு நிம்மதி வந்தது. அந்த நேரம் பார்த்துத்தானா சித்தப்பா உங்கள் ஒன்பதாம் அத்தியாயம் வர வேண்டும்?

படித்தார், மறுநாள் வேலைக்குக் கிளம்பிவிட்டார். முதல் வரியில் 'வாசலை அடைத்தேன், திறவுகோலை இடுப்பில் கட்டினேன்' என்று வருகிறது. சுவிட்ச் கைப்பிடிக்குப் பூட்டே கிடையாது, காண்ட்ராக்டர் வாங்கித் தந்ததே இல்லை. திறவுகோலுக்கு எங்கே போவார்? எங்கள் வீட்டு பீரோ சாவியை இடுப்பில் கட்டிக்கொண்டு போகிறார். அம்மா ஒரு கல்யாணத்துக்குப் போக பீரோவைத் திறந்து சேலை எடுக்க முடியாமல் சோழபுரத்தில் ஒரு கம்பத்தடி வரை ஆட்டோவில் போய், அண்ணாந்து பார்த்து, "ஏங்க, சாவியப் போடுங்க" என்று கத்தியிருக்கிறார். மேலேயிருந்து பதில்: "சடங்கு முடியாம இடுப்பக் கட்டவிழ்க்கக் கூடாது, செத்த நேரம் பொறு." அம்மா கட்டியிருந்த சேலையோடேயே கல்யாணத்துக்குப் போனார்.

நான் கேட்டேன். "எலெக்ட்ரிகல் டிப்ளமோ படிச்சவன் சொல்லுதேன், கரண்டுக்குத் தமிழ் தெரியாதுப்பா."

"ஏலே, எந்தம்பி எழுதுனது. ஒரு வரிக்கு எம்புட்டு யோசிச்சிருப்பான்! உன் ஹெல்மெட்ட எவன் யோசிச்சான்?"

"தவசிமுத்து மாமாவ நெனச்சுப் பாருங்க."

"அதான் நெனைக்கேன். அவியட்ட ஹெல்மெட் இருந்துச்சு, கையுறை இருந்துச்சு. கீழ ஆளுதான் இல்ல."

ஆத்திரத்தில் பத்திரிகையைக் கிழித்து அடுப்பில் போட்டேன். லேமினேஷன் கிழியவில்லை.

இதில் அப்பாவின் உதவியாள், சுவிட்சடியில் காவல் நிற்கும் சிவனாண்டி வேறு. மூன்றாவது வரியில் 'கரையில் நிற்பவனே, நான் திரும்பும்வரை நிற்பாயா?' என்று பூசாரி கேட்க, கரைக்காரன் நாலு வரி சத்தியம் செய்கிறான், நகர்ந்தால் கால் இரண்டும் உப்பாகிக் கரைந்துவிடும் என்று. அந்த நாலு வரியையும் அப்பா அவனுக்கு மனப்பாடம் செய்ய வைத்திருக்கிறார். "எனக்கு பி.பி. இருக்குண்ணே, உப்பே ஆகாதுண்ணே" என்று புலம்பிக்கொண்டே சொல்கிறானாம். ஐம்பது வயது ஆள்.

ஆகவே என் கோரிக்கை. அடுத்த அத்தியாயத்தில் ஒரு பூசாரி, தலைமைப் பூசாரியாகவே இருக்கட்டும், இந்த மந்திரத்தை ஒரு எழுத்துப் பிசகாமல் சொல்லிவிட்டு ஆற்றில் இறங்கி வெந்து சாக வேண்டும். அப்பா நம்பும்படி விவரமாக எழுதுங்கள். போனில் கேட்டால் "கதைதானடா" என்பீர்கள். உங்கள் கதையில் ஒருவன் செத்தால் இன்னொருவனை எழுதிக்கொள்வீர்கள். எனக்கு ஒரே அப்பா.

சித்திக்கும் தங்கைக்கும் என் அன்பு. உங்கள் பேனாவும் உடம்பும் நன்றாக இருக்கட்டும், இந்த ஒரு திருத்தத்தைச் செய்துவிட்டு.

இப்படிக்கு,
அண்ணன் மகன்,
க. பாண்டிச்செல்வம்.

பி.கு.: கவரை ஒட்டப் போகும்போது சிவனாண்டி வந்தான். வலது கையில் கட்டு. வெள்ளிக்கிழமை சோழபுரத்தில் அப்பா மேலே இருக்கும்போது ஒரு தோப்புச் சம்சாரி தன் தென்னைக்குத் தண்ணீர் போகவில்லை என்று சுவிட்சைத் தூக்க வந்திருக்கிறார். இவன் கைப்பிடியைக் கட்டிப்பிடித்துக்கொண்டு விடவில்லை. அவர் மம்பட்டிக் காம்பால் கையிலேயே போட்டிருக்கிறார், அப்போதும் விடவில்லை. "எப்பவும்போல டீக்கடைக்குத்தான் போயிருப்பேன் தம்பி. சத்தியம் பண்ணித் தொலைச்சிட்டேனே, காலு உப்பாயிரும்லா" என்றான். அப்பா இதைப் பற்றி வீட்டில் மூச்சு விடவில்லை.

பூசாரியைச் சாகடிக்க வேண்டாம். யாரையும் சாகடிக்க வேண்டாம். இரண்டாவது வரியை மட்டும் 'தலையையும் கையையும் மூடினேன்' என்று மாற்றுங்கள், பழைய ஓலையில் பிழை என்று ஏதாவது காரணம் சொல்லுங்கள்.

நாளை வ. புதுப்பட்டியில் வேலை. சிவனாண்டியால் வர முடியாது. நான் பூட்டு வாங்கிவிட்டேன், ஆனால் அந்த ஊர்ச் சுவிட்ச் கைப்பிடியில் பூட்டு மாட்டும் வளையம் உடைந்து கிடக்கிறதாம். மில்லில் லீவு சொல்லிவிட்டேன், நான்தான் நிற்கப் போகிறேன். கரைக்காரன் சொல்லும் நாலு வரி அப்பாவின் லேமினேஷனில் இல்லை, நான் எரித்த பக்கத்தில் இருந்தது. அப்பாவிடம் கேட்க எனக்கு வாய் வரவில்லை, சிவனாண்டியிடம் கேட்டாலும் அது அப்பா காதுக்குப் போய்விடும். இந்தக் கடிதத்தை போட்டோ எடுத்து வாட்ஸ்அப்பில் போடுகிறேன். அந்த நாலு வரியையும் இன்றைக்கே அனுப்புங்கள், மனப்பாடம் பண்ண வேண்டும்.