டிவியில் நான் பிடித்த காலர்

எதிரே யார் வந்தாலும் முகத்தைப் பார்க்கும் முன்பே சட்டையின் தையலைப் பார்ப்பது திருப்பூர்க்காரர்களின் வியாதி. எனக்கு அது முற்றிவிட்டது. (எனக்குத் தாலி கட்டும்போதுகூட மாப்பிள்ளையின் பனியன் எந்தக் கம்பெனி என்றுதான் யோசித்தேன்.)

எங்கோ போர் மூண்டு, எங்களிடம் டீ-சர்ட் வாங்கும் வெளிநாட்டு பையர் ஆர்டரை நிறுத்திவிட்டார். வீரபாண்டியில் நானும் கணவரும் நடத்திய சின்னத் தையல் யூனிட்டை மூடி, ஒடிசா டைலர்களை ரயிலேற்றி அனுப்பினோம். "ஆர்டர் வந்தா போன் பண்ணு அக்கா, அன்னிக்கே கிளம்பிடுவேன்" என்றான் சுசாந்த், எங்களின் மூத்த டைலர். பிள்ளைகளை அனுப்பிவைத்த மாதிரி அழுதேன். எப்போது வருவார்கள் என்பதே நினைப்பாக இருந்தது.

அப்போதுதான் ஒரு டிவி சேனல்காரர்கள் கல்யாண மண்டபத்தில் போரும் பொருளாதார மந்தமும் பற்றி நேரலை விவாதம் வைத்து, என்னையும் கூப்பிட்டார்கள். என் ஆட்களை எப்போது திரும்ப அழைக்கலாம் என்று கேட்டே தீருவது என்று பட்டுச்சேலை கட்டிக்கொண்டு போனேன்.

பக்கத்து நாற்காலியில் ஆளுங்கட்சியின் இளம் பேச்சாளர், காலர் வைத்த டீ-சர்ட்டில். அவர் போரை விளக்க, எதிர்க்கட்சிக்காரர் கத்த, எனக்கு இரண்டுமே காதில் ஏறவில்லை. டீ-சர்ட்டின் தோள் தையல் அப்படியே சுசாந்த் தைத்த மாதிரி இருந்தது. மைக் வந்தது. கேள்வி மறந்துவிட்டது. கை தானாகப் போய் அவர் காலரைப் பிடித்துப் புரட்டி லேபிளைத் தேடியது.

"ஏனுங்க, என்ன பண்றீங்க?" என்றார் அவர்.

"செத்த அசையாம இரு கண்ணு. இது எங்க பீஸு."

எங்களுடையதேதான். நின்றுபோன ஆர்டரில் தேங்கிய சரக்கை வந்த விலைக்குத் தள்ளியிருந்தோம். ஆனால் மைக் மடியில் கிடந்ததால் நான் சொன்னது யாருக்கும் கேட்கவில்லை. கூட்டம் எழுந்து கைதட்டியது. (எதிர்க்கட்சிக்காரர் விசிலே அடித்தார்.) 'மந்தநிலை: பெண் தொழில்முனைவோர் ஆவேசம்' என்று திரையின் கீழே ஓடியதாம்.

"கேள்வி கேக்கறேன்னு போயி சட்டையப் புடிச்சுட்டு வந்திருக்கறயே அம்மிணி" என்று கணவர் தலையில் கை வைத்துக்கொண்டார். இன்றும் எங்கள் ஊட்டுக்கு டீ-சர்ட்டில் வரும் சொந்தக்காரர்கள் காலரைப் பொத்திக்கொண்டுதான் உள்ளே நுழைகிறார்கள்.

மறுநாள் சுசாந்த் போனில் கூப்பிட்டான். "வீடியோ பாத்தேன் அக்கா. நம்ம பீஸ்தானே?"

"நம்மளதுதான் சாமி."

"அப்ப வரட்டுமா?"

இன்னும் ஆர்டர் வரவில்லை என்றேன். இப்போதும் ஞாயிற்றுக்கிழமை தவறாமல் கூப்பிட்டு, காலர் கதையைச் சொல்லிச் சிரிக்கிறான். சிரித்து முடித்தும் போனை வைப்பதில்லை. என் பக்கம் மெஷின் ஓடுகிற சத்தம் கேட்கிறதா என்று பார்க்கிறான்.