வலது கை கொழுந்தனாருக்கு

எனக்கு வயது எழுபத்தொன்பது. பெற்றது ஏழு, வளர்த்தது ஒன்பது. மேற்கொண்டு இரண்டும் கொழுந்தனார் பிள்ளைகள். எழுத்துக் கூட்டிப் படிப்பேன், கையெழுத்துப் போடுவேன், அதற்கு மேல் வராது. நான் சொல்லச் சொல்லப் பேத்தி எழுதுகிறாள். ஒன்பது பேரை ஆளாக்கியவள் என்று ஊரில் எனக்கு நல்ல பெயர். ஒரு பேங்கை ஒரே காலையில் கோர்ட்டில் கவிழ்த்தவள் என்பது குடும்பத்துக்குள் மட்டும்தான் தெரியும்.

பேங்கு என்றால் கட்டடம் ஒன்றும் கிடையாது. வெள்ளைக்காரன் காலத்தில் மலாயாவில், ரெங்கத்துக்கு உள்ளே ஒரு ரப்பர் தோட்டத்தில் இருந்தோம். மரம் வெட்டிப் பால் எடுக்கிறவர்களே சேர்ந்து நடத்திய கூட்டுறவு நாணயச் சங்கம் அது. ஒரு தகரப் பெட்டி, ஒரு நோட்டு, இரண்டுக்கும் காரியதரிசி என் வீட்டுக்காரர். அவசரத்துக்குக் கடன் வேண்டுமென்றால் நம்ம ஆளிடமே கேட்கலாம். தோட்டத்து ஆபீஸில் கணக்கெழுதும் கிராணியின் வாசலில் கைகட்டி நிற்க வேண்டாம். அந்த ஒன்றுக்காகவே சங்கத்தை எல்லாரும் உயிராக நினைத்தார்கள்.

ஒரு வருஷம் கோயில் கொட்டகையில் கமிட்டித் தேர்தல் நடந்தது. சங்கங்களை மேற்பார்க்கும் சர்க்கார் அதிகாரி புதிதாக வந்த வெள்ளைக்காரர். அங்கத்தினரில் பாதிப் பேர் நேரில் வந்து கை தூக்கினால்தான் தேர்தல் செல்லும், உங்களுக்கு அத்தனை பேர் வரவில்லை, ஆகவே கமிட்டி கலைந்தது, இனி கிராணியே நடத்துவார் என்று கடிதம் போட்டுவிட்டார். (யாரு போய்ச் சொன்னதுன்னு கேக்காதீங்க. கிராணியைத் தவிர யாரு இருக்கா.)

என் வீட்டுக்காரருக்கு ரோஷம் வந்துவிட்டது. பாதிக்கு அறுபது கை இருந்தால் போதும். அவர் எண்ணி எழுதியது அறுபத்திரண்டு. அதிகாரியின் உத்தரவு செல்லாது என்று ஜொகூர் பாருவில் வழக்குப் போட்டார்கள். வக்கீல் யாழ்ப்பாணத்துக்காரர். "கூட்டத்தில இருந்த ஆள் ஒண்டைச் சாட்சிக்குக் கொண்டு வாங்கோ. கமிட்டிக்காரர் வேண்டாம்" என்றார்.

ஆண்கள் வேலைக்கு வராவிட்டால் கிராணி அன்றைய பேரை வெட்டிவிடுவார், கூலி போய்விடும். நான் பிள்ளை பெற்று வீட்டில் இருந்த சமயம். "நான் போறேங்க. நடந்ததைச் சொல்றதுக்கு என்ன பயம்?" என்றேன்.

"நீ வாயைத் தொறந்தா மூட மாட்டியே."

"கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்றேன், போதுமா?"

கல்யாணச் சேலையை உடுத்திக்கொண்டு அவரோடு ரயில் ஏறினேன். அந்த ரயிலில் என்னைவிட நிமிர்ந்து உட்கார்ந்தவர் யாரும் இல்லை.

கோர்ட்டில் எங்கள் வக்கீல் நன்றாகவே பேசினார். பாட்டாளிகள் கை தூக்கித் தேர்ந்தெடுத்ததை ஒரு கடிதத்தால் மாற்ற அதிகாரிக்கு அதிகாரம் இல்லை என்றார். நீதிபதி வெள்ளைக்காரத் துரை, அவர் தலையாட்டினார். பிறகு என்னைக் கூண்டில் ஏற்றினார்கள். கூட்டத்துக்கு வந்தாயா, வந்தேன். கை தூக்கினாயா, தூக்கினேன். வக்கீல் சிரித்த முகமாக உட்கார்ந்தார். அதோடு இறங்கியிருக்கலாம்.

சர்க்கார் வக்கீல் எழுந்து ஏதோ கேட்டார். மொழிபெயர்ப்பாளர் சொன்னார்: "எப்படிக் கை தூக்கினே, காட்டும்மா."

இரண்டு கையையும் தூக்கிக் காட்டினேன்.

"ரெண்டு கையா?"

"வலது கை என் கொழுந்தனாருக்குங்க. காய்ச்சல்ல படுத்திருந்தாரு. இடது கை எனக்கு."

எனக்கு இதில் தப்பே தெரியவில்லை. தோட்டத்தில் விடியற்காலை பெரட்டு என்று வரிசையில் நிறுத்திப் பேர் வாசிப்பார்கள். ஆம்பளை வந்து சேர நேரமானால் வீட்டுப் பொம்பளை கை தூக்கிக் காட்டுவாள். கங்காணி ஒரு வார்த்தை சொல்ல மாட்டார். சங்கக் கூட்டத்திலும் அதையே செய்தோம்.

துரை என்னையே பார்த்தார். கொழுந்தனுக்கு ஏன் வலது கை என்று கேட்டாராம்.

"அடுத்தவங்களுக்கு இடது கையத் தூக்கறது மரியாதைங்களா?"

எங்கள் வக்கீல் அவசரமாக எழுந்தார். "அம்மா, நீங்கள் ஒராள்தானே இப்பிடிச் செய்தது?"

என்னை மட்டும் குற்றவாளி ஆக்குகிறார் என்று எனக்குக் கோபம். "நான் என்ன புதுசாவா செஞ்சேன்? எங்க லயத்து வீட்டுப் பொம்பளைங்க எல்லாரும்தான் தூக்கினோம். இல்லாட்டி அறுபத்திரண்டு எப்படிங்க வரும்?"

அவர் உட்கார்ந்தார். அதன் பிறகு எழுந்திருக்கவே இல்லை. சர்க்கார் வக்கீலுக்கு ஒரு கேள்வி மிச்சம் இருந்தது. நீ சங்கத்தில் அங்கத்தினரா?

"பொம்பளைய யாருங்க சேர்த்துக்கறா?"

ஆக, எனக்கென்று தூக்கிய இடது கையும் செல்லாது. அதிகாரியின் உத்தரவுதான் செல்லும் என்று துரை முடித்துவிட்டார்.

பொம்பளைகள் கொட்டகைத் தூணுக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தோம். பாவம், என் வீட்டுக்காரர் கையை எண்ணினாரே தவிர தலையை எண்ணவில்லை. திரும்பும் ரயிலில் செடெனாக் ஸ்டேஷன் வரைக்கும் விரல் விட்டு எண்ணிக்கொண்டே வந்தார். அப்புறம், "கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்றேன்னியே" என்றார்.

"கேட்டாங்க, சொன்னேன்."

"வேற யாரு யாரு ரெண்டு கை தூக்கினது?"

ரெங்கம் ஸ்டேஷன் வரும்வரை பேர் சொல்லிக்கொண்டு வந்தேன்.

தகரப் பெட்டி ஒரு வருஷம் கிராணி வீட்டில் இருந்தது. மூத்தவனுக்கு வயிற்றுப்போக்கு கண்டபோது இவரும் அந்த வாசலில் கைகட்டி நின்றார். என்னை ஒரு வார்த்தை திட்டவில்லை. திட்டியிருந்தால் எனக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும்.

அடுத்த தேர்தலுக்கு அதிகாரியே வந்தார். அதற்கு முன்பாகவே எங்கள் ஆட்கள் பொம்பளைகளையும் சங்கத்தில் சேர்த்துவிட்டார்கள். முதல் பேர் என்னுடையது. கையெழுத்துப் போடப் படித்தது அதற்காகத்தான். பேர் வாசித்து, எழுந்து நிற்க வைத்து, கை தூக்கச் சொன்னார்கள். என் முறை வந்ததும் அதிகாரி தமிழிலேயே சொன்னார், யாரிடம் கேட்டுப் படித்தாரோ: "ஒரு கை போதும்."

பெட்டி வீடு திரும்பியது. அந்தப் பேச்சும் கூடவே வந்துவிட்டது. இன்றைக்கும் யாருக்கெல்லாம் தேத்தண்ணி என்று மருமகள் கேட்டு நான் கை தூக்கினால், பேரன்கள் "அப்பாயி, ஒரு கை போதும் லா" என்கிறார்கள். இவர் இருந்தவரைக்கும் முதலில் சிரித்தவர் இவர்தான்.

சரி கண்ணு, எழுதினதை ஒரு தடவை வாசி. சரியா இருந்தா ரெண்டு கையும் தூக்குவேன். வலது கை உங்க தாத்தாவுக்கு.