குழாய் மாவின் கைப்பக்குவம்

'எல்லாம் என் கையால் செய்தது' இனத்தாரை உங்களுக்குத் தெரிந்திருக்கும். அவர்களைத் தேடிப் போக வேண்டியதில்லை. அவர்களே வந்து சொல்லிவிடுவார்கள். விருந்தில் தங்கள் தட்டை மேசைமேல் வைத்துவிட்டு, அந்த இடத்தை விட்டு நகராமல், ஜன்னலுக்கு வெளியே எதையோ பார்ப்பதுபோல் நின்று, முதல் ஆள் எடுத்துக் கடித்து மென்று விழுங்கும்வரை காத்திருந்து, "நல்லா இருக்கே" என்ற சொல் காதில் விழுந்த மறுகணம், "அது ஒண்ணுமில்ல, காலையில எழுந்து சும்மா பிசைஞ்சு போட்டது" என்பார்கள். செய்முறை கேட்டுப் பாருங்கள். "அளவெல்லாம் யாரு பார்த்தா? மாவு நம்ம கையோட பேசும், அவ்வளவுதான்." மாவு பேசுமா? பேசாது. பேசினால், முதல் வேலையாகத் தான் பிறந்த தொழிற்சாலையின் பெயரைச் சொல்லிவிடும்.

எங்கள் நெப்ராஸ்கா ஊரில் இந்த இனத்தின் தலைவி அர்டிஸ் ஹின்ரிக்ஸ் அம்மாள். வயது அறுபத்தேழு. லூத்தரன் சர்ச்சின் அடித்தளக் கூடத்தில் ஒவ்வொரு பிப்ரவரியும் நடக்கும் சில்லி விருந்துக்கு, பத்தொன்பது வருடமாக அவர்தான் சின்னமன் ரோல் கொண்டுவருவார். பீன்ஸும் மாட்டிறைச்சியும் கொதித்த காரமான சில்லி ஒரு கிண்ணம், பக்கத்தில் பட்டைத்தூளும் சர்க்கரையும் சுருளுக்குள் உருகிக் கிடக்கும் ரோல் ஒன்று. ஒரு வாய் அது, ஒரு வாய் இது. வெளியூர்க்காரர்கள் முகம் சுளிப்பார்கள். சுளிக்கட்டும், எங்களுக்கு இரண்டாக மிஞ்சும்.

அந்த ரோலுக்கான மாவை அர்டிஸ் அம்மாள் பிசைந்ததே இல்லை. நாற்பது மைல் தள்ளியிருக்கும் ஊருக்குப் பல் டாக்டரைப் பார்க்கப் போகிறேன் என்று சொல்லிவிட்டுப் போய், கடையில் குளிர்ந்த அலமாரியில் அடுக்கியிருக்கும், பிசைந்தே அட்டைக் குழாயில் அடைத்த மாவில் ஒரு டஜன் வாங்கி வருவார். பத்தொன்பது வருடத்தில் அந்த அம்மாள் பல்லுக்காகப் போன தடவைகளை எண்ணினால், ஒரு முதலைக்கே வைத்தியம் முடிந்திருக்கும். அந்தக் குழாயின் தாளை உரித்து மேசை விளிம்பில் ஒரு தட்டுத் தட்டினால் 'டப்' என்று வெடிக்கும். அந்தச் சத்தம் வெளியே கேட்காதிருக்க, ரேடியோவில் வானிலை அறிக்கையைச் சத்தமாக வைப்பார். விருந்துக்குக் கிளம்பும்முன் முழங்கைவரை கொஞ்சம் கோதுமை மாவு பூசிக்கொள்வார். ஓவியர் கடைசியில் கையெழுத்துப் போடுவதில்லையா, அதுபோல.

இதெல்லாம் எதிர் வீட்டுக்காரனான எனக்கு எப்படித் தெரியும் என்கிறீர்களா? அவர் கணவர் டுவெய்ன் சொன்னார். டுவெய்ன் ஒரு வருடத்தில் பேசும் பேச்சு முழுவதும் ஒரு தபால் அட்டையில் அடங்கிவிடும். அவரையே வாய் திறக்க வைத்த சம்பவம் இது என்றால் பார்த்துக்கொள்ளுங்கள்.

போன ஜனவரியில் எங்கள் சர்ச்சின் புதிய பாஸ்டருடைய மனைவி கிர்ஸ்டன், அர்டிஸ் அம்மாள் வீட்டுக் கதவைத் தட்டினாள். இருபத்தெட்டு வயது, மினியாபொலிஸ் நகரத்துப் பெண். கோடையில் வந்து சேர்ந்ததிலிருந்து ஒவ்வொரு விருந்துக்கும் ஏதாவது செய்து கொண்டுவருவாள். கீரை, தானியம், எலுமிச்சை என்று உடம்புக்கு நல்லதாக எதையோ கிளறி வைப்பாள். நாங்கள் மரியாதைக்கு ஒரு கரண்டி எடுத்து, "வித்தியாசமா இருக்கு" என்போம். எங்கள் ஊரில் அந்தச் சொல்லுக்கு, தொண்டைக்குள் இறங்கவில்லை என்று பொருள். பாவம், அவளுக்கு அது மூன்று மாதம் கழித்துத்தான் புரிந்தது. பாத்திரம் மட்டும் போனபடியே நிறைந்து திரும்பும்.

அவள் கேட்டது இதுதான்: சர்ச் சமையலறையில் ஒரு சனிக்கிழமை, பெண்களை எல்லாம் கூட்டி, அர்டிஸ் அம்மாள் அந்த ரோலைச் செய்து காட்ட வேண்டும். அர்டிஸ் அம்மாள் முழங்கால் வலியைச் சொன்னார். பனி வரும் என்றார். நம் கையிலிருந்து இன்னொரு கைக்கு இது போகாது என்றுகூடச் சொல்லிப் பார்த்தார்.

கிர்ஸ்டன் தலையைக் குனிந்துகொண்டாள். "அந்த மேசையில நான் வச்சது ஒண்ணாவது காலியாகணும், அர்டிஸ். ஒரே ஒரு தடவை. அதுக்கப்புறம் இந்த ஊர்ல நானும் இருக்கேன்னு எனக்கே தோணும்."

இதற்குமேல் எந்த முழங்கால் வலிக்கும்? அர்டிஸ் அம்மாள் சரி என்றுவிட்டார்.

அன்றிலிருந்து மூன்று வாரம் அந்த வீட்டில் நடந்தது, வாழ்நாளிலேயே முதல்முறையாக மாவு பிசையும் படலம். முதல் நாள் கொதிக்கிற தண்ணீரை ஊற்றி ஈஸ்ட்டைக் கொன்றார். ரோல்கள் ஆணி அடிக்கும் பதத்தில் வந்தன. இரண்டாவது தடவை மாவு பொங்கிப் பாத்திரத்தை விட்டிறங்கி ரேடியோ வரைக்கும் போனது. மூன்றாவது, நான்காவது எல்லாவற்றையும் டுவெய்ன்தான் காப்பியில் முக்கித் தின்று தீர்த்தார். எப்படி இருக்கிறது என்று கேட்டபோதெல்லாம் "சூடா இருக்கு" என்று மட்டும் சொன்னாராம். நாற்பத்து நான்கு வருடத் தாம்பத்தியம் சும்மா நிலைக்கவில்லை.

சனிக்கிழமை வந்தது. பதினோரு பெண்கள் நோட்டுப் புத்தகத்தோடு உட்கார்ந்திருந்தார்கள். முன்வரிசையில் மார்லிஸ் டோப்ஃபர். முப்பது வருடமாக அர்டிஸ் அம்மாளுக்குப் பக்கத்தில் அமர்ந்து பிரசங்கம் கேட்டவர், அதில் பத்தொன்பது வருடமாக அந்தச் செய்முறையைக் கேட்டு ஏமாந்தவர். அர்டிஸ் அம்மாள் உதட்டைக் கடித்துக்கொண்டு உண்மையாகவே பிசைந்தார். மாவும் உண்மையாகவே உப்பியது. சுருட்டி, வெட்டி, ஓவனில் வைத்து எடுத்தபோது நிறம்கூட வந்திருந்தது. தன் கண்ணையே நம்பாமல் அவர் ஒரு ரோலைத் தொட்டுப் பார்த்தார்.

எல்லோரும் ஒரு வாய் கடித்தார்கள். மென்றார்கள். மென்றுகொண்டே இருந்தார்கள்.

"வித்தியாசமா இருக்கு" என்றார் மார்லிஸ்.

பத்தொன்பது வருடத்தில் அர்டிஸ் அம்மாளின் தட்டைப் பார்த்து யாரும் சொல்லாத சொல். அவர் முகம் சிவந்துவிட்டது. மார்லிஸ் விடவில்லை. "என்னமோ ஒண்ணை வேணும்னே விட்டுட்ட. எங்களுக்குக் கத்துக்கொடுக்க மனசு வரல, அதானே?" மற்ற பெண்கள் நோட்டுப் புத்தகத்தை மூடினார்கள். கிர்ஸ்டன் பாத்திரங்களை எடுத்துத் தொட்டியில் போட ஆரம்பித்தாள். அந்த முதுகைப் பார்த்ததும்தான் அர்டிஸ் அம்மாளுக்குத் தாங்கவில்லை.

"குழாய் மாவு" என்றார். "கடையில விக்கிற குழாய் மாவு. பன்னெண்டு குழாய். பத்தொம்பது வருஷமா அதுதான். நான் பிசைஞ்சதே கிடையாது."

உண்மையைச் சொல்ல அந்த அம்மாள் எத்தனை பாடுபட்டிருப்பார் என்று நினைத்துப் பாருங்கள். அதற்குக் கிடைத்த பலனையும் கேளுங்கள். ஒருவரும் நம்பவில்லை.

மார்லிஸ் கோட்டை மாட்டிக்கொண்டார். "சொல்ல இஷ்டமில்லைன்னா இல்லைன்னு சொல்லு. சர்ச்சுக்குள்ள உக்காந்து பொய் சொல்லாதே." குழாய் மாவு எப்படியிருக்கும் என்று தங்களுக்குத் தெரியாதா என்று சொல்லிக்கொண்டே ஒவ்வொருவராக வெளியேறினார்கள். தெரியாமலா? ஒவ்வொருவர் குளிர்பெட்டியிலும் அது இருந்தது. அதனால்தான் அத்தனை கோபம்.

கிர்ஸ்டன் மட்டும் நின்றாள். அவளை அர்டிஸ் அம்மாள் நேரே தன் வீட்டுக்குக் கூட்டிப் போனார். விருந்துக்கென்று வாங்கி ஒளித்து வைத்திருந்த குழாய்களில் இரண்டை எடுத்து, வானிலை அறிக்கை இல்லாமலே மேசையில் தட்டினார். டப். கிர்ஸ்டன் துள்ளிக் குதித்தாள். மாவை விரித்து, விளிம்புகளைச் சேர்த்து அழுத்தி, மிருதுவான வெண்ணெயைத் தாராளமாகத் தடவி, பழுப்புச் சர்க்கரையையும் பட்டைத்தூளையும் ஒரு சிட்டிகை உப்பையும் தூவி, இறுக்காமல் சுருட்டினார். கத்தி வைத்தால் நசுங்கும் என்று, தையல் நூலை அடியில் கொடுத்து மேலே குறுக்காக இழுத்து வெட்டினார். தட்டில் அடுக்கி, பாதி உயரத்துக்கு க்ரீமை ஊற்றினார். வெந்து வந்ததும் சூட்டிலேயே ஐசிங் என்கிற சர்க்கரைப் பூச்சில் பாதி, ஆறியதும் மீதி. ஐசிங்கில் பாலுக்குப் பதில் இரண்டு கரண்டி கறுப்புக் காப்பி. முழுக்க முக்கால் மணி நேரம்.

கிர்ஸ்டன் கடித்தாள். கண்ணை மூடிக்கொண்டாள்.

"இதேதான்."

"நான்தான் சொன்னேனே, எல்லாம் கடை மாவு."

"கடையில க்ரீம் ஊத்தியா தர்றாங்க? இதுக்கா பத்தொம்பது வருஷம் ஒளிஞ்சிருந்தீங்க?"

 டுவெய்ன் இன்னொன்று எடுத்துக்கொண்டார். காப்பியில் முக்காமல் தின்றார்.

விருந்தன்று காலை இருவரும் ஒரே சமையலறையில், ஒரே குழாய்களை உடைத்து, ஒரே ஓவனில் நான்கு தட்டு சுட்டார்கள். இரண்டு அர்டிஸ் அம்மாளுடையது, இரண்டு கிர்ஸ்டனுடையது. எது யாருடையது என்று காரில் ஏற்றும்போது டுவெய்ன் குழப்பிவிட்டார். போனால் போகிறது என்று அர்டிஸ் அம்மாள் குத்துமதிப்பாகப் பெயர்ச் சீட்டை வைத்தார். கிர்ஸ்டன் தன் சீட்டுக்குக் கீழே, 'கடை மாவு, அர்டிஸ் கற்றுக்கொடுத்தது' என்று தெளிவாக எழுதியும் வைத்தாள்.

நான் வரிசையில் மார்லிஸுக்குப் பின்னால் நின்றேன். அவர் இருவர் தட்டிலிருந்தும் ஒவ்வொன்று எடுத்தார். முதலில் கிர்ஸ்டன் பெயருள்ளதைத் தின்றார். "பரவால்லம்மா, நல்லாவே வந்திருக்கு. ஆனா குழாய் மாவு நாக்குலயே தெரிஞ்சுடும்." பிறகு அர்டிஸ் அம்மாள் பெயருள்ளதைக் கடித்து, நீண்ட பெருமூச்சு விட்டார். "இது கை. மாவு பிசைஞ்ச கை. அர்டிஸ், அன்னிக்கு நான் பேசினதை மறந்துடு."

கிர்ஸ்டன் வாயைத் திறந்தாள். அர்டிஸ் அம்மாளைப் பார்த்தாள். இரண்டாவது தடவையாக உண்மை வரப்போகிறது என்று நானும் கரண்டியைக் கீழே வைத்தேன்.

அர்டிஸ் அம்மாள் தன் வலது மணிக்கட்டை இடது கையால் மெல்லப் பிடித்துவிட்டுக்கொண்டார். "மறந்தாச்சு, மார்லிஸ். நாலு மணிக்கே எழுந்துட்டேன். இன்னும் வலி போகல."

அவரைக் குற்றம் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. ஒருமுறை உண்மையைச் சொல்லி அடி வாங்கியவர். அன்று நான்கு தட்டும் காலி. கிர்ஸ்டன் வெறும் தட்டு இரண்டையும் மார்போடு அணைத்துக்கொண்டு, அரை மணி நேரம் எல்லோரிடமும் நின்று பேசிவிட்டுத்தான் போனாள்.

சிரிக்கிறீர்கள். சிரியுங்கள், அமெரிக்காவில் எங்கோ ஒரு கிழவி. ஆனால் போன ஞாயிற்றுக்கிழமை உங்கள் வீட்டுக்கு வந்த விருந்தாளி, இரண்டாவது இட்லியைப் பிட்டுக்கொண்டே, "பஞ்சு மாதிரி இருக்கே, உளுந்து எவ்வளவு போட்டீங்க?" என்று கேட்டாரே, அப்போது தெருமுனைக் கடையில் வாங்கிய ஈரமாவுப் பொட்டலம் குப்பைக்கூடையில் மேலாகத்தானே கிடந்தது? அதைக் காலால் உள்ளே தள்ளிவிட்டு, நீங்கள் என்ன அளவு சொன்னீர்கள்?